சத்யா டீச்சர் போட்ட ஏரிப்படம்

எங்கள் பள்ளியில் கணினி அறையைத் திறந்துவைத்த அன்று பட்டுப்புடவை கட்டிக்கொண்டு வந்து நின்றவர்கள் நிறையப் பேர். மறுநாள் அந்த அறைக்குள் போய் உட்கார்ந்தவள் சத்யா ஒருத்திதான். மற்றவர்களுக்கு அது செருப்பைக் கழற்றிவிட்டுப் போகவேண்டிய இடம், அவ்வளவே. நானும் அந்த மற்றவர்களில் சேர்த்திதான். தமிழ் டீச்சருக்குக் கம்ப்யூட்டரில் என்ன வேலை என்று தலைமை ஆசிரியர் சம்பந்தம் சாரிடமே கேட்டவள் நான். எனக்குக் கொஞ்சம் வாய் நீளம். பொன்னேரியிலிருந்து பஸ் பிடித்து வந்து இறங்குவதற்குள் பாதிக் கோபம் ஏறியிருக்கும், மீதி இங்கே வந்ததும் ஏறும்.

சத்யாவுக்குப் பஸ் தொல்லை கிடையாது. பள்ளிக்குக் கூப்பிடு தூரத்தில் இருக்கும் நடுத்திட்டுக் குப்பம்தான் அவள் பிறந்த ஊர். அப்பா கோதண்டம் ஏரியில் இறால் பிடிக்கிறவர். பள்ளி விட்டதும் இறால் உரித்து, உரித்த விரல் எரிய எரியப் பரீட்சை எழுதி, புவியியலில் எம்.ஏ. வரை போனாள். கணவர் தனசேகர் காட்டுப்பள்ளித் துறைமுகத்தில் லாரி ஓட்டுகிறார். வேலை கிடைத்ததும் மீஞ்சூர் பக்கம் வீடு பார்த்துக்கொண்டு போய்விடுவாள் என்றுதான் எல்லாரும் நினைத்தோம். அவளோ கேட்டு வாங்கிக்கொண்டு இந்தப் பள்ளிக்கே வந்தாள்.

ஏன் என்று ஒருநாள் சாப்பாட்டு நேரத்தில் கேட்டேன்.

"பத்தாவது புஸ்தகத்துல எங்க ஏரி ஒரே ஒரு வரி டீச்சர்," என்றாள். "பெரிய உப்பங்கழின்னு சொல்லிட்டு அடுத்த பாடத்துக்குப் போய்டும். கங்கை எங்க பொறக்குது, எங்க போய்ச் சேருதுன்னு எல்லாம் மனப்பாடம் பண்ணேன். எங்க நைனா டெய்லி எங்க போறாருன்னு எந்தப் படத்துலயும் இல்ல. இந்தப் புள்ளைங்களுக்காச்சும் அது இருக்கணும்."

அவளுக்கு இருந்த ஆசை அது ஒன்றுதான். சம்பளக் கமிஷன், பதவி உயர்வு என்று நாங்கள் பேசிக்கொண்டிருக்கும்போது அவள் கணினி அறையில் வயர்களோடு மல்லுக்கட்டிக்கொண்டிருப்பாள்.

பெரிய திரையில் செயற்கைக்கோள் படத்தை அவள் முதன்முதலில் போட்டுக் காட்டிய அன்று பக்கத்து வகுப்பில் நான் பாடம் நடத்த முடியவில்லை. அவ்வளவு சத்தம். "மிஸ், அதோ எங்க வூடு!", "தோ பார்றா, எங்க போட்டு!" என்று பத்தாம் வகுப்பே பெஞ்சுமேல் ஏறி நின்றது. அதட்டலாம் என்று போன நான் கதவருகில் நின்று எட்டிப் பார்த்தேன். மேலிருந்து பார்த்தால் ஏரி அத்தனை பெரியது என்று எனக்கு அன்றைக்குத்தான் தெரியும். கரையில் டீக்கடைக்குக்கூடப் பெயர் எழுதியிருந்தது. தண்ணீரில் ஒன்றுமே இல்லை.

செவ்வந்தி என்ற பெண் கையைத் தூக்கினாள். நடுத்திட்டுக் குப்பத்துப் பெண், வகுப்பில் கெட்டிக்காரி.

"மிஸ், தண்ணியில இன்னா ஒண்ணுமே எழுதல? எல்லாப் பாட்டுக்கும் பேரு கீதே."

ஏரியில் இறால் வலை கட்டும் இடத்தைப் பாடு என்பார்கள். கழிகளை ஊன்றி, சுற்றி வலையைக் கட்டுவார்கள். ஒவ்வொரு பாட்டுக்கும் ஒரு பெயர். கடலும் ஏரியும் சேரும் முகத்துவாரத்தை ஒட்டினாற்போல் முகத்துப் பாடு, கன்னிப் பாடு. வடக்கே தள்ளி ஆழமில்லாத இடத்தில் சேத்துப் பாடு. முகத்துப் பாட்டில் ஒரு நாள் விழுகிற இறால் சேத்துப் பாட்டில் ஒரு வாரம் கிடந்தாலும் விழாது. அதனால் யாருக்கும் எதுவும் சொந்தம் கிடையாது. அமாவாசைக்கு அமாவாசை நடுத்திட்டுக் குப்பத்தாரும் பனைமேட்டுக் குப்பத்தாரும் கோயில் வாசலில் கூடிச் சீட்டு எடுப்பார்கள். இந்த மாதம் முகத்துவாரத்தில் கட்டிய ஊர் அடுத்த மாதம் கழியைப் பிடுங்கிக்கொண்டு சேற்றுக்குப் போகும். சேற்றில் இருந்த ஊர் முகத்துவாரத்துக்கு வரும். ஊருக்குள் எந்தக் குடும்பம் எந்தப் பாட்டுக்கு என்பதைச் சீட்டு முடிவு செய்யும். சண்டை பிடிப்பதில் பேர்போன இந்த இரண்டு ஊரும் சண்டை போடாத ஒரே விஷயம் அதுதான். இரண்டு ஊர்ப் பிள்ளைகளும் எங்கள் பள்ளியில் ஒரே பெஞ்சில்தான் உட்கார்ந்தார்கள்.

செவ்வந்தி கேட்ட கேள்வியை சத்யா பிடித்துக்கொண்டாள். ஒரு சனிக்கிழமை இரண்டு ஊரிலிருந்தும் ஒவ்வொரு படகு பேசி, பிள்ளைகளைப் பிரித்து ஏற்றிக்கொண்டு ஏரிக்குள் போனாள். ஒவ்வொரு பாட்டின் நாலு மூலையிலும் படகை நிறுத்தி, போனில் புள்ளி வைக்க வேண்டும். பனைமேட்டிலிருந்து தேவதர்ஷினி என்ற பெண் ஒரு படகுக்குத் தலைவி, செவ்வந்தி இன்னொன்றுக்கு. யார் அதிகம் புள்ளி வைப்பது என்று இரண்டு பேருக்கும் போட்டி. திங்கட்கிழமை வந்து தோல் உரிந்த மூக்கைத் தடவிக்கொண்டு கதை கதையாகச் சொன்னார்கள். எனக்குப் பொறாமையாக இருந்தது. இலக்கண வகுப்புக்கு இப்படி யாரும் மூக்கைக் காயவைத்துக்கொண்டு வந்ததில்லை.

பிறகு புள்ளிகளை இணைத்துப் படம் போட்டார்கள். பாட்டின் பெயர் எழுதினார்கள். அன்றைக்கு அங்கே யாருடைய வலை இருந்ததோ அந்த ஊரின் நிறத்தைத் தீட்டினார்கள். பனைமேட்டுக்கு நீலம், நடுத்திட்டுக்குச் சிவப்பு. அந்த மாதம் முகத்துவாரம் பனைமேட்டின் முறை. ஆகவே முகத்துப் பாடும் கன்னிப் பாடும் நீலம். சேத்துப் பாடு சிவப்பு. கீழே அளவுகோல், மேலே வடக்குக் காட்டும் அம்பு, ஓரத்தில் குறி விளக்கம். பார்க்கக் கண்ணுக்கு நிறைவாக இருந்தது.

அடுத்த அமாவாசைக்கு இந்த நிறம் மாறும் என்று அதில் ஒரு வரி எழுதியிருக்க வேண்டும். யாரும் எழுதவில்லை. சத்யாவுக்குத் தோன்றவில்லை, பிள்ளைகளுக்கும் தோன்றவில்லை. இதே படத்தை வெளியூர்க்காரி யாராவது போட்டிருந்தால் "எப்பவும் இவங்கதான் இங்க கட்டுவாங்களா?" என்று ஒரு வார்த்தை கேட்டிருப்பாள், பதிலை எழுதியும் வைத்திருப்பாள். ஏரியிலேயே பிறந்தவளுக்கு அதைக் கேட்கவேண்டிய அவசியமே இல்லை. பின்னால் சத்யாவின் அப்பா கோதண்டம் என்னிடம் சொன்னார்: "சூரியன் கெழக்கால மொளைக்கும்னு எவனாச்சும் எழுதி வெப்பானா டீச்சரம்மா? அந்த மாரிதான் இதுவும்."

மாவட்டக் கண்காட்சியில் அந்தப் படத்துக்குப் பரிசு கிடைத்தது. படத்தைத் திறந்துகூடப் பார்க்காத சம்பந்தம் சாருக்குப் பொன்னாடை போட்டார்கள். படத்தை யார் வேண்டுமானாலும் பார்க்கலாம் என்று இணையத்தில் ஏற்றினாள் சத்யா. ஏரி இப்போது போனில் இருந்தது. தன் பெயரும் ஓரத்தில் இருக்கிறது என்று செவ்வந்தி அதைக் கடைக்காரரிடமெல்லாம் காட்டிக்கொண்டு திரிந்தாள். சத்யாவை அவ்வளவு சந்தோஷமாக நான் பார்த்தது அந்த ஒரு மாதம்தான்.

அதன் பிறகு முகத்துவாரத்தை மணல் மூடாமலிருக்க அங்கே கல் கொட்டும் திட்டம் ஒன்று வந்தது. வேலைக்கு முன்னால் யார் யார் அங்கே மீன் பிடிக்கிறார்கள் என்று கணக்கெடுக்க ஒரு கம்பெனி ஆட்களை அனுப்பியது. அவர்கள் குப்பத்தில் விசாரித்தபோது எல்லாரும் எப்போதும் சொல்வதைத்தான் சொன்னார்கள்: ரெண்டு ஊரும் மாறி மாறிக் கட்டும். அந்தப் பதில் அவர்கள் கணக்கில் உட்காரவில்லை. இணையத்தில் தேடினால் பளிச்சென்று ஒரு படம் கிடைத்தது, அதுவும் பரிசு வாங்கின படம். முகத்துவாரப் பாடுகள் பனைமேட்டுக் குப்பத்துக்கு உரியவை என்று அறிக்கையில் எழுதிவிட்டார்கள்.

பனைமேட்டார் முதலில் சிரித்தார்களாம். இது உண்மை. அந்த ஊர்த் தலைவர் கண்ணப்பன், "இன்னாய்யா இது, ஏரியையே எங்களுக்கு எழுதிவெச்சிட்டானுங்க" என்று டீக்கடையில் படித்துக் காட்டிச் சிரித்தார். அப்புறம் கல் கொட்டினால் யாருக்கு நஷ்டஈடு, யாருக்கு வேறு இடம் என்று பேச்சு வந்தது. சிரிப்பு நின்றது. அந்த அமாவாசையில் சீட்டு எடுக்க நடுத்திட்டார் கோயில் வாசலில் காத்திருந்தார்கள். பனைமேட்டிலிருந்து ஒருவரும் வரவில்லை. மறுநாள் காலையில் முகத்துப் பாட்டில் முறை முடிந்தும் அவர்கள் கழி ஊன்றினபடியே நின்றது.

கோதண்டமும் நாலைந்து பேரும் படகில் போய்க் கேட்டார்கள். கண்ணப்பன் கொஞ்சமும் கோபப்படாமல்தான் பேசினார்.

"நாங்க இன்னா திருடிக்கினா வந்தோம் மச்சான்? உங்க ஊரு டீச்சர், உம் பொண்ணு போட்ட படம். அதுல இன்னா கீதோ அதான் கவர்மெண்டு சொல்லுது."

அன்று சாயங்காலமே வலை அறுபட்டது. அதற்கடுத்த நாள் துடுப்பால் அடித்து ஒருவருக்குத் தோள் இறங்கியது. போலீஸ் வந்து இரண்டு ஊரையும் முகத்துவாரப் பக்கம் போகக் கூடாது என்றது. எங்கள் பள்ளியில் என்ன நடந்தது என்று சொல்லவும் வேண்டுமா? பனைமேட்டுப் பிள்ளைகள் ஒவ்வொருவராக மாற்றுச் சான்றிதழ் வாங்கிக்கொண்டு அடுத்த ஊர்ப் பள்ளிக்குப் போனார்கள். தேவதர்ஷினி போகும்போது செவ்வந்தியிடம்கூடச் சொல்லிக்கொள்ளவில்லை. செவ்வந்தி பக்கத்தில் பெஞ்சு காலியாகக் கிடந்தது.

சத்யாவைப் பார்க்கப் பாவமாக இருந்தது. அவளுக்கு அழுகையைவிட அவசரம்தான் அதிகம். அடுத்த அமாவாசைக்குள் இரண்டு ஊரும் மறுபடி சீட்டு எடுக்க உட்கார வேண்டும், அதை விட்டால் வழக்கு கோர்ட்டுக்குப் போய்விடும், அப்புறம் பாடு மாறிக் கட்டும் முறையே இந்த ஏரியில் கிடையாது. அதுதான் அவள் பயம். சமாதானக் கூட்டத்தை எங்கள் பள்ளியிலேயே வைத்துக்கொள்ளலாம் என்று சம்பந்தம் சாரைப் பிடித்து அதிகாரிகளிடம் பேசவைத்தாள். கூட்டத்துக்காக இன்னொரு படம் போட ஆரம்பித்தாள். இரண்டு ஊர்ப் பெரியவர்களிடமும் கேட்டுக் கேட்டு, ஒவ்வொரு அமாவாசைக்கும் யார் எங்கே கட்டினார்கள் என்று ஒவ்வொரு மாதத்துக்கும் நிறம் தீட்டினாள். பட்டனை அழுத்தினால் மாதம் ஓடும். நீலம் முகத்துவாரத்திலிருந்து சேற்றுக்குப் போகும், சிவப்பு சேற்றிலிருந்து முகத்துவாரத்துக்கு வரும். கம்ப்யூட்டர் பிடிக்காத நானே அதை நாலைந்து முறை ஓடவிட்டுப் பார்த்தேன்.

கூட்டத்துக்கு இரண்டு நாள் முன்னால் அவள் ஊர்க்காரர்கள் பள்ளிக்கே வந்தார்கள். நானும் கூட இருந்தேன். கோதண்டமும் வந்திருந்தார், ஆனால் வாசலிலேயே நின்றுவிட்டார்.

"தோ பாரும்மா," என்றார் வந்தவர்களில் ஒருவர். "இந்த ஓடுற படம்லாம் நமக்கு வாணாம். நீ மொதல்ல படம் போட்டியே, அதுக்கு முந்தின மாசம் முகத்துவாரம் நம்ம முறைதானே? அந்த மாசத்துக்கு ஒரே ஒரு படம் போட்டுக் குடு. முகத்துவாரத்துல செவப்பு. அவங்களுக்கு ஒரு படம், நமக்கு ஒரு படம். கணக்கு தீந்துச்சு."

"அதுவும் பொய்தாண்ணே," என்றாள் சத்யா.

"பொய்யா? அந்த மாசம் நாம அங்க கட்டலயா?"

"கட்டனோம். ஆனா அத்த மட்டும் காட்டுனா பொய்."

"அவங்க படத்த மட்டும் காட்டுனப்போ உஷாரா இருந்திருக்கணும்மா. அப்போ பொய்யில்ல, இப்போ நம்ம ஊருக்குன்னு வரும்போது மட்டும் பொய்யா?"

போட மாட்டேன் என்று மட்டும் சொன்னாள் சத்யா. வாசலில் நின்ற அப்பாவைப் பார்த்தாள். கோதண்டம் மகளை ஒரு வார்த்தை திட்டவில்லை. "இன்னாமோ பண்ணு" என்று சொல்லிவிட்டு நடந்தார். அந்த வாரம் முழுக்க அவள் வீட்டுக்கு மீன் வரவில்லை. கொடுத்தனுப்ப ஒருவருக்கும் மனமில்லை.

கூட்டத்தன்று கணினி அறையில் நாற்காலி போட்டோம். ஒரு பக்கம் பனைமேட்டார், ஒரு பக்கம் நடுத்திட்டார், நடுவில் ஓர் அதிகாரி. சத்யா விளக்கை அணைத்துவிட்டுப் படத்தை ஓடவிட்டாள். மாதங்கள் ஓடின, நிறங்கள் இடம் மாறின. பனைமேட்டுக் கிழவர் ஒருவர் தன்னையறியாமல், "ஆமா, அந்த மாசம் பொங்கல் முடிஞ்சு நாங்க சேத்துக்குப் போனோம்" என்றார். கண்ணப்பன் அவர் தொடையைத் தட்டினார். கிழவர் வாயை மூடிக்கொண்டார். அந்த ஒரு நிமிடம் எனக்கு உண்மையாகவே நம்பிக்கை வந்தது.

அதிகாரி நல்ல மனிதர்தான். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டார்.

"ரொம்ப நல்லா இருக்கும்மா. ஆனா ஓடுற படத்தை நான் ஃபைல்ல எப்படி வைக்கிறது? ஒரு தாள்ல எடுத்துக் குடுங்க."

"சார், ஒரு தாள்ல வராது சார். மாறிக்கிட்டே இருக்கும். அதான் விஷயமே."

"எந்த மாசம் சரியோ அந்த மாசத்தைக் குடுங்களேன்."

"எல்லா மாசமும் சரிதான் சார்."

அவர் பெருமூச்சு விட்டார். இரண்டு நிறத்தையும் ஒன்றன்மேல் ஒன்றாகக் கோடு கோடாகப் போட்டு ஒரு தாள் எடுத்துத் தருகிறேன் என்று சத்யா ஓடிப்போய் எடுத்துவந்தாள். அதை அவர் வாங்கிப் பார்த்தார். "அப்போ இது ரெண்டு தரப்புக்கும் தகராறு உள்ள இடம்" என்று சொல்லிக்கொண்டே அதன் மேல் அப்படியே எழுதினார். சத்யா அந்தத் தாளைத் திரும்ப வாங்கக் கையை நீட்டினாள். அவர் ஏற்கெனவே ஃபைலில் வைத்துவிட்டார்.

அப்போது நடுத்திட்டார் பக்கமிருந்து ஒருவர் எழுந்து, மடித்து வைத்திருந்த வண்ணத் தாளை நீட்டினார். முகத்துவாரத்தில் சிவப்பு, சேற்றில் நீலம். கண்ணப்பன் தன் பையிலிருந்து பரிசு வாங்கின படத்தை எடுத்து அதன் பக்கத்தில் வைத்தார். இரண்டும் அளவிலும் அமைப்பிலும் ஒன்றுபோலவே இருந்தன. அதிகாரிக்கு முகம் தெளிந்தது. "இப்போ விஷயம் புரியுது. ரெண்டு பேர்கிட்டயும் ஆதாரம் இருக்கு. கோர்ட்ல பார்த்துக்குங்க" என்று எழுந்தார்.

எல்லாரும் கலைந்துபோன பிறகும் மேஜையில் ஒரு நகல் கிடந்தது. சத்யா அதை எடுத்துப் பார்த்துக்கொண்டே இருந்தாள். ஒவ்வொரு பாடும் அதனதன் இடத்தில் இருந்தது. அளவுகோல் இருந்தது, வடக்கு அம்பு இருந்தது, குறி விளக்கம் வலது ஓரத்தில் கட்டம் கட்டி இருந்தது. ஊரில் படகு ஓட்டுகிறவர்கள் போடுகிற படம் இல்லை அது. எங்கள் கணினி அறையில் கற்றுக்கொண்டவர்கள் போட்டது என்று எனக்கே தெரிந்தது.

அமாவாசை வந்தது. கோயில் வாசலில் சீட்டு எடுக்க ஒருவரும் கூடவில்லை. அதற்கு மறுநாள் செவ்வந்தி கணினி அறைக்கு வந்தாள். அவள் கண்ணில் பயம் எதுவும் இல்லை. நல்ல மதிப்பெண்ணுக்குக் காத்திருக்கிற பிள்ளையின் முகம்தான்.

"மிஸ், கூட்டத்துல குடுத்த படம் நான் போட்டது. நைனா ஃபோன்லயே போட்டேன். பாத்தீங்களா?"

"பாத்தேன்."

"தேதி மட்டும் போடல மிஸ். போட்டா செல்லாதுன்னு நைனா சொல்லிச்சு. மத்தபடி எல்லாம் நீங்க சொல்லிக்குடுத்த மாரியே. சரியா இருந்துச்சா மிஸ்?"

சத்யா என்னைப் பார்த்தாள். நான் ஏதாவது சொல்லிக் காப்பாற்றுவேன் என்று எதிர்பார்த்தாளோ என்னவோ. இவ்வளவு நீள வாய் உள்ள எனக்கு அன்றைக்கு ஒரு சொல் வரவில்லை. ஒரே ஒரு தப்பாவது இருந்திருக்கக் கூடாதா, ஒரு புள்ளியாவது நகர்ந்திருக்கக் கூடாதா என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

"சரியா இருக்கும்மா," என்றாள் சத்யா. "ஒரு தப்புகூட இல்ல."